உடம்பால் பார்க்கிற படங்கள்

1966இல் ரோனி கொன்ராட் என்ற அமெரிக்க இசைக்கலைஞர் 'தி பிளிக்கர்' என்று ஒரு படம் எடுத்தார். படம் ஒரு எச்சரிக்கையோடுதான் தொடங்கும். வலிப்பு வரக்கூடிய ஆட்களுக்கு இது ஆபத்து, பார்க்கிறவர்கள் தங்கட பொறுப்பிலதான் பார்க்கவேணும், அரங்கில ஒரு வைத்தியர் நிற்கிறது நல்லது எண்டு அதில் எழுதியிருக்கும். அதுக்குப் பிறகு அரை மணித்தியாலத்துக்குக் கிட்ட வெறும் கறுப்புச் சட்டகங்களும் வெள்ளைச் சட்டகங்களும்தான். கதை இல்லை, ஆள் இல்லை, இடம் இல்லை. வெளிச்சமும் இருட்டும் மாறுகிற வேகம் மட்டும் கூடும், குறையும்.

எச்சரிக்கையை வாசிக்கேக்க எங்களுக்குச் சிரிப்புத்தான் வந்தது. படம் பார்க்க டொக்டர் எதுக்கு? ஐந்தாறு பேர் ஒரு மடிக்கணினியைச் சுற்றி இருந்து பார்த்தோம். கொஞ்ச நேரத்தில் திரையில் இல்லாத நிறங்கள் தெரியத் தொடங்கின. ஒருவருக்குத் தலை இடித்தது. இன்னொருவர் எழும்பி வெளியில போய் நின்றுவிட்டு வந்து சொன்னார்: "இதென்ன கண்டறியாத படம். ராவில பரா லைற் அடிச்சு அடிச்சு விழேக்க பங்கர் வாசலால பார்த்த மாதிரி."

பரிசோதனைக் குறும்படங்கள் பற்றி நாங்கள் எழுத நினைத்ததெல்லாம் அந்த ஒரு வசனத்தால் திசை மாறிவிட்டது. உலகத்தின் வேறு மூலைகளில் கலைஞர்கள் மினக்கெட்டு, படச்சுருளை வெட்டி ஒட்டி, பார்க்கிறவரின் உடம்பை ஒருக்கா உலுக்கிப் பார்க்க முயன்றார்கள். அங்கே உடம்பு சும்மா கதிரையில் சாய்ந்து கிடக்கிறது, அதை எழுப்பவேண்டும். எங்கட பக்கம் உடம்பு ஏற்கனவே எழும்பித்தான் நிற்கிறது. கிளிநொச்சியிலோ புதுக்குடியிருப்பிலோ ஒரு மண்டபத்தில் இப்படியான படங்களைப் போட்டால் அவை என்ன செய்யும்? நாங்களே எடுத்தால் எப்படி எடுக்கவேண்டும்?

முதலில், படம் எப்படி உடம்பைத் தொடுகிறது என்று பார்ப்போம். இதில் மந்திரம் ஒன்றுமில்லை. மனிதக் காது ஏறத்தாழ 20 ஹேர்ட்ஸிலிருந்து 20,000 ஹேர்ட்ஸ் வரையான ஒலியைக் கேட்கும். அந்தக் கீழ் எல்லைக்குக் கிட்டப் போகப் போக, ஒலியைக் காது கேட்கிறதைவிட நெஞ்சும் வயிறும் உணருகிறதுதான் கூட. கோயில் திருவிழாவில் பெரிய ஸ்பீக்கர் பெட்டிக்குப் பக்கத்தில் நின்ற எல்லாருக்கும் இது தெரியும். போனில் இருக்கிற சின்ன ஸ்பீக்கரால் அந்த ஒலியை எழுப்பவே முடியாது. அதனால் ஒரே படம் போனில் பார்க்கேக்க ஒன்று, பேஸ் பெட்டி வைத்த மண்டபத்தில் பார்க்கேக்க வேறொன்று.

காட்சிக்கும் இப்படி ஒரு கணக்கு இருக்கிறது. லோரா மார்க்ஸ் என்ற திரைப்பட ஆய்வாளர் 2000இல் 'படத்தின் தோல்' என்ற பொருள்படும் தலைப்பில் ஒரு புத்தகம் எழுதினார். தூர நின்று உருவத்தை அடையாளம் காணுகிற பார்வை ஒன்று, கிட்டப் போய்த் தடவிப் பார்க்கிற மாதிரியான பார்வை இன்னொன்று என்று அவர் பிரிக்கிறார். இது என்ன பொருள் என்று பிடிபடாத அளவுக்குக் கமெரா கிட்டப் போனால், கண் பெயர் சொல்லுறதை விட்டுவிட்டு மேற்பரப்பைத் தடவத் தொடங்கும். சொரசொரப்பு, ஈரம், வெக்கை எல்லாம் அப்போதுதான் வரும்.

ஸ்ரான் பிரக்கேஜ் 1963இல் செய்த 'மொத்லைற்' இதுக்கு நல்ல உதாரணம். நான்கு நிமிடம் கூட இல்லாத, சத்தமே இல்லாத படம். கமெராவே பாவிக்கவில்லை. விளக்கில் விழுந்து செத்த பூச்சிகளின் செட்டைகளையும் புல்லையும் இலைகளையும் பூவிதழ்களையும் இரண்டு ஒட்டுநாடாக்களுக்கு நடுவில் வைத்து ஒட்டி, அதையே படச்சுருளாக அச்செடுத்தார். திரையில் நரம்புகளும் தூசியும் படபடவென்று ஓடும். வன்னியில் முதல் மழைக்கு ஈசல் கிளம்பி, விடியக் காலையில் லைற்றுக்குக் கீழே குவிந்து கிடக்கிற செட்டைகளைக் கூட்டித் தள்ளினவருக்கு இந்தப் படத்தை விளங்கப்படுத்தத் தேவையில்லை. கை அதை ஏற்கனவே தொட்டிருக்கிறது.

மழை என்றதும் யோரிஸ் இவென்ஸ் ஞாபகம் வருகிறார். அவரும் மன்னுஸ் பிராங்கனும் சேர்ந்து 1929இல் எடுத்த 'மழை' அம்ஸ்ரர்டாம் நகரத்தில் ஒரு மழை வந்து போறதை மட்டும் காட்டுகிற, பன்னிரண்டு நிமிடமளவான படம். ஒரே மழை போலத் தெரிந்தாலும் பல நாள் மழைகளை எடுத்து வெட்டி ஒட்டினது. அது மௌனப் படம். பிறகு 1941இல் ஹான்ஸ் ஐஸ்லர் அதுக்கென்று இசை எழுதினார். நாங்கள் இசையில்லாமல்தான் போட்டோம், ஒரு கிராமத்துப் பொதுநோக்கு மண்டபத்தில், காலபோகம் விதைத்து முடிந்த கையோடு. மேலே தகரம். அண்டைக்கு மழை இல்லை, தவளைச் சத்தம் மட்டும்.

படம் முடிய முன்வரிசையில் இருந்த ஒரு ஆச்சி கதைக்கத் தொடங்கினா. "குடை விரிக்கிற வரைக்கும் எனக்கு ஒண்டும் தெரியேல்ல பிள்ளையள். குடையை விரிச்சோண்ணை தோள் குளிர்ந்துது." கொஞ்சம் பொறுத்து அவ கேட்டா: "சத்தம் போடாததால இது எந்த மழை எண்டு விளங்கேல்ல. கிடுகில பெய்யிற மழையோ, ஓட்டில பெய்யிற மழையோ?"

அதுக்குப் பிறகு மண்டபத்தில் படத்தைப் பற்றி ஒருவரும் கதைக்கவில்லை. கூரையைப் பற்றித்தான் கதைத்தார்கள். கிடுகுக்கு விழுகிற மழைக்குச் சத்தம் குறைவு, மணம் கூட. ஓட்டில் மழை சீராகக் கேட்கும், நித்திரை வரும். இடம்பெயர்ந்து போன இடங்களில் தறப்பாளில் விழுந்த மழை முகத்துக்கு மேலேயே விழுகிற மாதிரி, தண்ணி தேங்கித் தொங்கினால் தடியால் முட்டிவிடவேண்டும். 2009இல் செட்டிகுளம் மெனிக் பாமிலும் தறப்பாள்தான். மீள்குடியேறி வந்த பிறகு தகரக் கொட்டில், அதில் மழை பெய்தால் பக்கத்தில் இருக்கிறவரோடு கத்தித்தான் கதைக்கலாம். கடைசியில் வீட்டுத்திட்டம், திரும்பவும் ஓடு. ஒரு குடும்பத்தின் இருபது வருசச் சரித்திரம் மழைச் சத்தத்திலேயே இருக்கிறது. திகதி மறந்தவர்களுக்கும் கூரை மறக்கவில்லை. கேள்வித்தாளோடு போய் "இடப்பெயர்வு அனுபவத்தைச் சொல்லுங்கோ" என்று கேட்டிருந்தால் இந்தக் கதை வந்திருக்காது.

இந்தத் தீவில் ஒலியை வைத்துப் பரிசோதனை செய்த படம் ஒன்று மிகப் பழையது. பசில் ரைட் 1934இல் எடுத்த 'சோங் ஒஃப் சிலோன்', நாற்பது நிமிடத்துக்குக் கிட்ட ஓடும். காசு கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. படம் இங்கே எடுக்கப்பட்டது, ஒலி முழுக்கப் பிறகு லண்டனில் சேர்க்கப்பட்டது. வால்ரர் லீ அதற்கு இசையமைத்தார். லயனல் வென்ற்றின் குரல், றொபேர்ட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட புத்தகத்திலிருந்து வாசித்துக்கொண்டு போகும். கண்டி இராச்சியத்தில் ஏறத்தாழ இருபது வருசம் பிடிபட்டிருந்த அதே நொக்ஸ். 1679இல் தப்பி, அநுராதபுரத்துக்கு அங்கால அருவியாற்றின் கரையோடு காட்டுக்குள்ளால் நடந்து அரிப்புக் கோட்டைக்குப் போய்ச் சேர்ந்தவர். அவர் மிருகங்களுக்கும் ஆட்களுக்கும் பயந்து சருகுச் சத்தம் கேட்டுக் கேட்டு நடந்த வழி எங்கட பக்கத்துக் காடு.

அந்தப் படத்தின் முதல் பகுதியில் ஒரு மணி அடிக்கும். ஒரு பறவை கலைந்து பறக்கும். மணியின் அதிர்வு அடங்க முதல் கமெரா மரங்களுக்கும் தண்ணீருக்கும் மேலால் போகும். ஒலி எவ்வளவு தூரம் போகும் என்பதைக் கண்ணால் காட்டுகிற இடம் அது. மூன்றாவது பகுதியில் வேறு விதம். வேலை செய்கிற உடம்புகள் திரையில் தெரிய, மேலே சந்தை விலை சொல்லுகிற குரல்களும் வியாபாரக் கடிதம் வாசிக்கிற குரல்களும் கப்பல் செய்திகளும் ஒன்றின் மேல் ஒன்றாக விழும். பார்க்கேக்க மூச்சு முட்டும். கொழுந்து கிள்ளுகிற கைக்கும் அதன் மேல் விழுகிற விலைக்கும் நடுவில் உள்ள தூரத்தை ஒரு சொல்லும் விளக்காமல் படம் உணர்த்திவிடுகிறது. தேயிலை விற்க எடுத்த படம் இதைச் செய்தது எண்டால், கூலிக்குச் செய்கிற வேலைக்குள்ளும் கொஞ்சம் இடம் கிடைக்கும் எண்டுதான் நாங்கள் எடுத்துக்கொள்கிறோம்.

வன்னிக்கு வருவோம். எங்களில் பலர் 2009இல் ஐந்து, ஆறு, எட்டு வயதுப் பிள்ளைகள். முகங்களும் இடங்களும் கலங்கித்தான் ஞாபகம். சத்தம் கலங்கவில்லை. செல் குத்துகிற சத்தம் கேட்டால் எண்ணத் தொடங்கவேண்டும், விழுகிற சத்தம் வர எத்தனை எண்ணினோம் என்பதில் தூரம் தெரியும். கிபிர் இரைஞ்சால் எண்ணுறதுக்கு நேரமில்லை. வேவு விமானத்துக்குப் பெயரே 'வண்டு', ஏனென்றால் அதை ஒருவரும் பார்த்துப் பெயர் வைக்கவில்லை, கேட்டுத்தான் வைத்தார்கள். அதுக்கு முந்தின காலத்தைப் பற்றிக் கேட்டால் அப்பாமார் சொல்லுவார்கள்: கரண்டும் இல்லை, பற்றரியும் இல்லை, சைக்கிளைக் கவிட்டுப் போட்டு டைனமோவைச் சுத்தி றேடியோ செய்தி கேட்டோம் எண்டு. கால் ஓய்ந்தால் செய்தி மங்கும். இப்படிக் காதால் உயிர் தப்பின ஒரு ஊரில் சத்தத்தை 'எபெக்ற்' என்று சொல்லிச் சும்மா போடமுடியாது.

எங்கட குழு இப்ப ஒரு ஏழு நிமிடப் படத்தில் வேலை செய்கிறது. பங்கருக்குள் இருந்த ஒரு பகல். ஆள் முகம் காட்டுவதில்லை என்று தொடக்கத்திலேயே முடிவு. சண்டை வந்தது சத்தத்தில். எங்களில் ஒருவர் யூரியூப்பிலிருந்து கிபிர் சத்தம் எடுத்துச் சேர்த்து, அதுக்குப் பேஸும் கூட்டி வைத்திருந்தார். அவருடைய வாதம் நேர்மையானது. "இது நடந்ததெண்டதுக்குச் சாட்சி இந்தச் சத்தம்தான். இதை நாங்களே விட்டால் வேற ஆர் போடுவினம்? பார்க்கிறவனுக்கு நெஞ்சு நடுங்கவேணும். நடுங்கினால்தான் விளங்கும்."

மற்றவர் கேட்டார்: "ஆருக்கு விளங்கவேணும்? விளங்கவேண்டிய ஆக்கள் கொழும்பில, கனடாவில இருக்கினம். மண்டபத்தில வந்து முதல் வரிசையில இருக்கப்போறது எங்கட அம்மாமார்."

அண்டைக்குப் பின்னேரம் எங்களில் ஒருவரின் வீட்டில் அந்தத் துண்டை ஸ்பீக்கரில் போட்டுப் பார்த்தோம். குசினிக்குள் தேங்காய் திருவிக்கொண்டிருந்த அம்மா திருவலையை விட்டுட்டு முற்றத்துக்கு வந்தா. எங்களை ஒன்றும் கேட்கவில்லை. வானத்தைப் பார்த்தா. பிறகு திரும்பிப் போய்த் தேங்காயைத் திருவினா.

அந்த அம்மா பார்த்ததை ஒரு கலைஞர் தன் படத்தின் வெற்றி என்று சொல்லலாம். ஒலி வேலை செய்கிறது, உடம்பு பதில் சொல்கிறது. ஆனால் அந்தப் பதிலில் அவவுக்குப் புதிதாக ஒன்றும் கிடைக்கவில்லை. கொன்ராட்டின் படத்துக்கு வாறவர் எச்சரிக்கையை வாசித்துவிட்டு இருக்கலாம், எழும்பிப் போகலாம். அந்த அதிர்ச்சி அவருக்கு ஒரு அனுபவம், வெளியில வந்து கோப்பி குடித்துக்கொண்டு கதைக்கலாம். எங்கட அம்மாவுக்கு அது அனுபவம் இல்லை, திரும்பவும் அதே நாள். மழைப் படத்தில் நடந்தது நேரெதிர். ஆச்சியிடம் படம் ஒன்றும் பறிக்கவில்லை. அவவின் தோளிடம் ஏதோ கேட்டது, தோள் பதில் சொன்னது, அதுக்குப் பிறகு நாற்பது பேர் கதைத்தார்கள். உடம்பை உலுக்குகிற படம், உடம்பிடம் கேட்கிற படம் என்று இரண்டு இருக்கிறது. எங்களுக்கு வேண்டியது இரண்டாவது.

அதுக்காகக் கொடுமையைப் பற்றி வாய் மூடி இருக்கவேண்டும் என்று அர்த்தமில்லை. சத்தம் வேண்டும் என்ற எங்கட நண்பரின் கேள்விக்குப் பதில் தேடிப் போய்த்தான் லோறன்ஸ் அபு ஹம்டானின் வேலைகளைப் பார்த்தோம். சிரியாவின் செட்னாயா சிறையில் இருந்து தப்பினவர்களிடம் அவர் 2016இல் காது வழிச் சாட்சியம் எடுத்தார். அங்கே கைதிகள் அனேகமாக இருட்டிலோ கண் கட்டியோ இருந்தவர்கள், வாய் திறக்கத் தடை. சிறையை அவர்கள் அறிந்தது சத்தத்தால் மட்டும். அவர் அடி விழுகிற சத்தத்தை எங்களுக்குப் போட்டுக் காட்டவில்லை. கைதிகள் எவ்வளவு மெதுவாகக் கதைக்கலாம் என்பதை அவர்களையே அளந்து காட்டச் சொன்னார். 2011க்குப் பிறகு அந்தக் கிசுகிசுப்பு 19 டெசிபெல் குறைந்திருந்தது. அந்த 19 டெசிபெல்லுக்குள் இருக்கிற பயத்தைக் கேட்க எந்த ஸ்பீக்கரும் தேவையில்லை. சாட்சியம் சத்தமாகத்தான் இருக்கவேண்டும் என்றில்லை என்பதை அது எங்களுக்குக் காட்டியது.

மோனா ஹாட்டூமின் 'தூரத்தின் அளவுகள்' என்ற 1988ஆம் ஆண்டுப் படமும் அப்படி. பதினைந்து நிமிடம். பெய்ரூட்டில் போருக்குள் இருக்கிற தாய், லண்டனில் அகப்பட்டுப்போன மகளுக்கு எழுதின கடிதங்கள். தாய் குளிக்கிற படங்கள் மங்கலாகத் தெரியும். அவற்றுக்கு மேல் கடிதத்தின் அரபு எழுத்துக்கள் வேலிக்கம்பி மாதிரியும் திரைச்சேலை மாதிரியும் ஓடும். மகள் கடிதங்களை ஆங்கிலத்தில் வாசிக்கிறா. அடியில் தாயும் மகளும் அரபில் கதைத்துச் சிரிக்கிற பழைய ஒலிப்பதிவு. ஒரு குண்டும் வெடிக்காது. ஆனால் தாயின் தோலுக்கும் எங்களுக்கும் நடுவில் அந்த எழுத்து நிற்கிறதைப் பார்க்கேக்க, தொட ஆசையும் தொட முடியாமையும் ஒன்றாக வரும். வீட்டுக்கு ஒருவராவது வெளிநாட்டில் இருக்கிற வன்னியில், போன் திரையில் அம்மாவின் நெற்றியை மட்டும் பார்த்துக் கதைக்கிற பிள்ளைகளுக்கு இந்தப் படத்தை ஒருக்காக் காட்டவேண்டும்.

இதெல்லாம் பார்த்து, சண்டை பிடித்து, எங்கட படத்தைத் திரும்ப அடுக்கினோம். கிபிர் இல்லை. செல் இல்லை. அதுக்குப் பதில் சீலை இருக்கிறது. முள்ளிவாய்க்கால் பக்கம் பங்கர் கட்டப் பனங்குற்றியும் கிடைக்காமல், இருந்த நல்ல சீலைகளை வெட்டித் தைத்து மண் மூட்டை செய்தார்கள். கூறைச் சீலையும் அதில் போனது. கமெரா அந்தச் சீலைக்குக் கிட்டப் போகிறது, பட்டு எது கடல் மண் எது என்று தெரியாத அளவுக்குக் கிட்ட. சரிகை நூலுக்கிடையால் மண் சொரிகிறது. ஒலியாகக் கைத் தையல் மெசினின் சக்கரம், மண் சொரிகிற மெல்லிய சத்தம், மூச்சு. மூச்சு ஓரிடத்தில் நிற்கும். எட்டு எண்ணுகிற நேரத்துக்கு ஒன்றும் இல்லை. பிறகு மூச்சு திரும்ப வரும்.

அந்த எட்டுக்குள் என்ன நடந்தது என்று தெரிந்தவருக்குக் கேட்கும். தெரியாதவர் பக்கத்தில் இருக்கிறவரிடம் கேட்கவேண்டும். எங்கட நண்பர் இன்னும் முழுதாக ஒத்துக்கொள்ளவில்லை. தெரிந்தவர்கள் எல்லாம் போன பிறகு அந்த எட்டை ஆர் நிரப்புவது என்று கேட்கிறார். அது சரியான கேள்வி. அதுக்காக, படத்தோடு சேர்த்துக் காட்டாமல், ஊர்ச் சனங்கள் அந்தச் சத்தங்களைத் தங்கட வாயால் விபரிக்கிறதைத் தனியாகப் பதிந்து வைக்கத் தொடங்கியிருக்கிறோம். வண்டு எப்படிக் கேட்டது எண்டால் ஒருவர் உதட்டை மடித்து ஊதிக் காட்டுவார், இன்னொருவர் "அது தையல் மெசின் மாதிரி" என்பார். அந்தப் பதிவுகளில் கூடச் சிரிப்பும் இருக்கிறது. முள்ளிவாய்க்கால் கஞ்சியை வருசா வருசம் மே மாதத்தில் காய்ச்சிக் குடிக்கிற சனத்துக்கு, உடம்பு வழியே ஞாபகத்தை வைத்திருக்கிற வித்தை எங்கட படங்களுக்கு முதலே தெரியும்.

படம் போடுகிற விதத்திலும் சில விசயங்களைப் பழக்கமாக்கியிருக்கிறோம். தொடங்க முதல் படத்தில் என்ன சத்தம் வரும், எந்த இடத்தில் இருட்டு வரும் என்று சொல்லுகிறோம். திடுக்கிட வைக்கிறதை விடச் சொல்லிவிட்டுக் காட்டுறது படத்தைக் கெடுக்கவில்லை. ஆட்கள் இன்னும் கவனமாகக் கேட்கிறார்கள். பின் கதவைத் திறந்து விடுகிறோம், பின் லைற் ஒன்று எரியும். பேஸ் பெட்டி வைப்பதில்லை. முடிந்த பிறகு பிளேன்ரீ, அதுக்குப் பிறகுதான் கதை. போனில் படம் எடுக்கத் தொடங்குகிற தம்பி தங்கச்சிமாருக்கும் இதையே சொல்லுகிறோம். கமெராவைத் திறக்க முதல் ஒரு பத்து நிமிசம் கண்ணை மூடிக்கொண்டு உங்கட முற்றத்தைக் கேளுங்கோ. ஒட்டுசுட்டான் முற்றமும் முல்லைத்தீவுக் கடற்கரை முற்றமும் ஒரே மாதிரிக் கேட்காது.

இந்த மாரிக்கு அடுத்த வேலை குறித்தாயிற்று. கிடுகு, தறப்பாள், தகரம், ஓடு: நாலு கூரையிலும் ஒரே இரவு மழையைப் பதிய வேண்டும். மற்ற மூன்றும் பார்த்து வைத்தாச்சு. கிடுகுக் கூரைதான் இப்ப அருமை. நெடுங்கேணிப் பக்கமோ இரணைமடுப் பக்கமோ உங்கட வீட்டில் கிடுகு வேய்ந்த கொட்டில் ஒன்று இன்னும் நிற்கிறது எண்டால் சொல்லுங்கோ. ஒரு போனையும் ஒரு பொலித்தீன் பையையும் கொண்டு நாங்கள் மழைக்கு முதல் வந்து இருப்போம்.